ஒரே பச்சை

அறையில் இருந்தவர்கள்: பெயின்ட் மேஸ்திரி, அவருடைய மச்சான், சுவரில் பட்டி பூசித் தேய்த்துச் சமப்படுத்துகிறவன். மூன்று பேர். பட்டிக்காரன் எண்ணியபோது நான்கு.

பிறவியிலிருந்தே அவனுக்கு நிறம் தெரியாது. எல்லாமே சாம்பல், வெளுத்தது, கறுத்தது, அவ்வளவுதான். அதனால் பிரஷ்ஷைத் தராமல் பட்டியையும் உப்புத்தாளையும் தந்து, 'பழைய டிவி' என்று பெயரும் வைத்திருந்தார்கள். பார்க்கிறவனெல்லாம் எதையாவது தூக்கிக் காட்டி, இது என்ன கலர் என்பான். நிறம் தெரிவதைத் தவிர வேறெந்தத் திறமையும் இல்லாத ஜென்மங்கள். மேடு, பள்ளம், சொரசொரப்பு எதுவும் அவர்கள் கண்ணில் படாது. கலர் ஒன்றாக இருந்தால் போதும், எல்லாம் சுவர்தான்.

சாயங்கால வெளிச்சம் ஜன்னல் வழியே மங்கலாகச் சாய, ஈரப் பெயின்ட் நெடிக்கு அடியில் நனைந்த நாய் ரோமம் போல இன்னொரு நாற்றம் மெல்லக் கிளம்ப, எதிர்ச்சுவரில் ஆள் உயரத்துக்கு ஓர் இடம் மட்டும் மினுங்காமல், மயிர்க்கால்கள் போன்ற பொடிப் புள்ளிகளோடு, மிக மெதுவாக மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது.

"அண்ணே, சுவத்துல யாரோ ஒட்டிக்கிட்டு நிக்கிறாங்க."

மேஸ்திரி திரும்பிப் பார்த்தார். "ஒரே பச்சையா இருக்கு. பச்சைன்னா என்னன்னு உனக்கு எங்க தெரியப் போகுது."

"டிவியில கோடு விழுது மாமா. தலையில ரெண்டு தட்டு தட்டுங்க," என்றான் மச்சான்.

"இன்னொரு தடவ இப்படி உளறினேன்னா நாளையிலேர்ந்து வராத. வேற எவனும் உன்னைச் சேத்துக்க மாட்டான்," என்றார் மேஸ்திரி.

அது உண்மை. நான்கு மேஸ்திரிகள் துரத்திய பிறகு கிடைத்த வேலை இது.

ரோலர்கள் கிடந்த இரண்டு வாளிகளையும் கழுவ எடுக்க மச்சான் குனிந்தான். முதுகு சுவர்ப் பக்கம்.

அது சுவரிலிருந்து பிரிந்தது. சத்தமில்லை. முதுகில் ஏறிப் படர்ந்தது.

பட்டிக்காரன் ஓர் அடி பின்வாங்கினான். "அண்ணே... மச்சான் சட்டை என்ன கலர்?"

"நீலம். அதுக்கென்ன இப்போ?"

பச்சை எதுவோ, நீலம் எதுவோ, அவனுக்குத் தெரியாது. அதற்குத் தெரிந்திருந்தது.

மச்சானின் தோளுக்கு மேல் இன்னொரு முகம். கண்கள் பட்டிக்காரன் மேலேயே.

"என்னடா? வாயைத் திறந்து சொல்லு," என்றார் மேஸ்திரி.

சொல்லலாம். நாளை வேலை போகும். இரண்டு தட்டு தட்டச் சொன்ன வாய் இன்னும் இளித்துக்கொண்டிருந்தது.

"ஒண்ணுமில்லண்ணே."

இரண்டு கைகளிலும் வாளியோடு மச்சான் குளியலறைக்குள் போனான். வாளிகளைக் கீழே வைக்கும் சத்தம் கேட்கவில்லை.

கதவு சாத்திக்கொண்டது.

உள்ளே தாழ்ப்பாள் விழுந்தது.