வட்டத்துக்கு வெளியே

இடது காதில் கேட்ட காலடி வெறுங்காலின் ஓசையாக இருந்தது.

போனில் ஆடும் அந்தச் சண்டை விளையாட்டில் யாருக்கும் வெறுங்கால் கிடையாது. விமானத்திலிருந்து தீவில் குதிக்கும் நூறு பேரும் பூட்ஸ் போட்டவர்கள். புல்லில் நடந்தால் சரசரப்பு, பலகையில் நடந்தால் கட்டையொலி, தகரத்தில் நடந்தால் அதிர்வு என்று மணிமேகலைக்கு எல்லாம் மனப்பாடம். இயர்போனை விரலால் அழுத்திக்கொண்டு மறுபடி கேட்டாள். ஒரு கால் அழுத்தமாக விழுந்தது. அடுத்த கால் தரையில் தேய்ந்துகொண்டு வந்தது. மறுபடி ஒரு அழுத்தம், மறுபடி ஒரு தேய்ப்பு. பிறகு நின்றுவிட்டது.

அவள் அசையவில்லை. தீவின் ஓரத்தில், யாரும் இறங்காத ஒரு மாடிவீட்டுக் குளியலறையில் அவளுடைய ஆள் குப்புறப் படுத்திருந்தான். சோலோ ஆட்டத்தில் துணை கிடையாது. கடைசியாக உயிரோடு இருப்பவர் ஜெயித்தவர். துப்பாக்கி கையில் கிடைத்ததும் சுட ஆசைப்படுகிறவர்கள்தான் முதலில் சாவார்கள், ஏனென்றால் சுட்டால் இருக்கும் இடம் தெரிந்துவிடும். அவள் சுடமாட்டாள். கதவைச் சாத்திக்கொண்டு படுத்துவிடுவாள். வெளியே இரண்டு பேர் மோதிக்கொண்டால் மோதி முடியும்வரை கேட்டுக்கொண்டிருப்பாள். மிஞ்சியவன் காயத்துக்குக் கட்டுப்போட உட்காரும் நேரத்தில் மட்டும் எழுந்துபோவாள். இதை யாரும் அவளுக்குச் சொல்லித்தரவில்லை. கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து அவள் வாழ்ந்ததே இப்படித்தான்.

அவளுக்கு மிகவும் பிடித்த உத்தி வேறொன்று. தீவைச் சுற்றி ஒரு நீலச் சுவர் சுருங்கிக்கொண்டே வரும். அந்த வட்டத்துக்கு வெளியே மாட்டிக்கொண்டவனின் உயிர் சொட்டுச் சொட்டாக வடியும். வட்டத்தின் உள்விளிம்பில் ஒரு வாசலை மறித்துக்கொண்டு, ஓடி வருகிறவனை உள்ளே விடாமல் இருந்தால் போதும். குண்டு செலவில்லை. சத்தமில்லை. அவனைக் கொன்றது அவள் என்று திரையில்கூட வராது. சுவர் கொன்றதாகத்தான் வரும்.

தட்டும் சத்தம் கேட்டது. அதுவும் இடது காதில்.

இயர்போனைக் கழற்றினாள். ஹாலில் ஏசி முனகிக்கொண்டிருந்தது. சோபாவுக்குப் பின்னால், இடது பக்கம், பால்கனிக் கதவு. கதவின் மேல்பாதி கண்ணாடி. மத்தியான வெயிலுக்காகத் தடித்த திரையை இழுத்துவிட்டிருந்தாள். திரையில் ஒரு நிழல் நின்றது. குட்டையான, இடது பக்கம் சாய்ந்த நிழல்.

"மணி, கதவு சாத்திக்கிச்சு. வந்து தொற."

மாமியார் வெள்ளையம்மாள். காலடி அவளுடையதுதான். முழங்கால் போனதிலிருந்து இடது காலை இழுத்துத்தான் நடக்கிறாள். மணிமேகலைக்குச் சிரிப்பு வந்தது. வீட்டுக்குள் கேட்டதை விளையாட்டுக்குள் கேட்டதாக நினைத்து இப்படிப் பயந்துவிட்டோமே என்று.

பால்கனிக் கதவு காற்றடித்தால் அறைந்து பூட்டிக்கொள்ளும். வெளிப்பக்கம் கைப்பிடி உடைந்துபோய் வெகுநாளாகிறது. உள்ளேயிருந்துதான் திறக்க முடியும். அதனால் யார் பால்கனிக்குப் போனாலும் முதலில் ஒரு செங்கல்லைக் கதவிடுக்கில் தள்ளிவிட்டுத்தான் போவார்கள். காலையில் கூட்டும்போது செங்கல்லை நகர்த்தியவள் மணிமேகலை. திரும்ப வைக்க மறந்துவிட்டாள். மறந்துவிட்டதாகத்தான் அவள் நினைத்தாள். கையில் கூழ் வாளியோடு போன கிழவி, செங்கல் அதன் இடத்தில் இருக்கும் என்று நம்பிக் காலாலேயே கதவைத் தள்ளிவிட்டுப் போயிருக்கிறாள்.

அக்னி நட்சத்திரம் தொடங்கினால் வெள்ளையம்மாளுக்குக் கூழ் வடகம் போட்டாக வேண்டும். மொட்டைமாடிச் சாவி வைத்திருப்பவர் ஊருக்குப் போய்விட்டதால், மேற்கு வெயில் நேராக விழும் இந்தப் பால்கனியைப் பிடித்திருந்தாள். எதிரே தென்னந்தோப்பு. அதற்கப்பால் கொள்ளிடத்து மணல். நாலாவது மாடியில் கத்தினால் காக்கைகளுக்குத்தான் கேட்கும். பக்கத்து வீட்டு டெல்பின் டீச்சர் குடும்பத்தோடு வேளாங்கண்ணி போயிருந்தார். கீழ் வீடுகளில் எல்லா ஜன்னலும் சாத்தியிருக்கும்.

எழுந்துபோய்த் திறக்க வேண்டும். அவ்வளவுதான். மணிமேகலை கால்களைத் தரையில் ஊன்றினாள். அப்போது போன் திரையில் ஒருவன் அவள் ஒளிந்திருந்த கதவைத் திறந்து, படுத்துக் கிடந்த அவளுடைய ஆளைச் சுட்டுவிட்டுப் போனான்.

இத்தனைக்கும் கடைசி மூன்று பேருக்குள் வந்திருந்தாள்.

"ஏம்மா மணி, காது கேக்கலையா? அந்தச் சனியனக் காதுலேந்து கழட்டிட்டு வா."

அந்தச் சனியன். போன வருஷம் புத்தூர் ஆஸ்பத்திரியிலிருந்து கரு கலைந்து வெறும் வயிற்றோடு திரும்பி வந்த மறுநாள், படுக்கையறைக் கதவுக்கு வெளியே நின்று இதே குரல் டெல்பின் டீச்சரிடம் சொன்னது. "அவ வயித்துல எதுவும் தங்காது டீச்சர். கையில போன் மட்டும் நல்லாத் தங்கும்." குரலைத் தாழ்த்தக்கூட இல்லை. டீச்சர் ஏதோ பாத்திரத்தை வாங்கிக்கொண்டு போனதுகூடக் கட்டிலில் படுத்திருந்த மணிமேகலைக்குத் துல்லியமாகக் கேட்டது. அன்றைக்குத்தான் சத்தங்களைப் பிரித்துக் கேட்கக் கற்றுக்கொண்டாள் என்று சில சமயம் தோன்றும். கற்றுக்கொண்டதை எங்கே வைப்பது என்று தெரியாமல் இருந்தவளுக்கு இந்தத் தீவு கிடைத்தது.

கால்களை மறுபடி சோபாவின் மேல் மடித்துக்கொண்டாள். இயர்போனை மாட்டினாள். இன்னொரு ஆட்டம். ஒன்றே ஒன்று. அதற்குள் ஒன்றும் ஆகிவிடாது.

தட்டல் தொடர்ந்தது. அதைக் கேட்டுக்கொண்டே விளையாட முடிந்தது அவளுக்கே வியப்பாக இருந்தது. முதலில் கிழவி விரல் முட்டியால் தட்டினாள். பிறகு உள்ளங்கையால். அப்புறம் கரண்டியாக இருக்க வேண்டும், உலோகச் சத்தம். நடுநடுவே வசவு. மருமகளின் அப்பாவை, அம்மாவை, வரகனேரியில் அவள் பிறந்த வீட்டை, எல்லாவற்றையும் வரிசையாக இழுத்து வைத்து வைதாள். வசவு வந்துகொண்டிருக்கும்வரை பயமில்லை. வைகிறவளுக்குத் தெம்பு இருக்கிறது.

இரண்டாவது ஆட்டத்தின் நடுவில் கணவன் சுரேஷ்குமார் போனில் கூப்பிட்டான். எடுக்காவிட்டால் வாட்ச்மேனைக் கூப்பிட்டு மேலே அனுப்புவான். ஆளைப் புதருக்குள் படுக்கவைத்துவிட்டு எடுத்தாள்.

"அம்மா போன எடுக்க மாட்டேங்குறாங்க. எங்க?"

வெள்ளையம்மாளின் போன் சமையலறை மேடையில் இருந்தது.

"ரூம்ல. தூங்குறாங்க."

"இந்நேரத்துலயா? வடகம் வடகம்னு காலைலேந்து ஆடிக்கிட்டு இருந்தாங்களே."

"போட்டுட்டுத்தான் படுத்தாங்க."

"சரி, எழுப்பாத. இங்க காட்டூர்ல ஷோரூம் வாசல்ல ஒருத்தர் வெயில்ல சுருண்டு விழுந்துட்டாரு." தண்ணீர் குடிக்கும் சத்தம். "நீ என்ன, சண்டையிலயா? இன்னும் எத்தனை பேரு உயிரோட இருக்காங்க?"

"ஒம்பது."

"நடத்து, நடத்து" என்று சிரித்துக்கொண்டே வைத்துவிட்டான்.

தூங்குறாங்க. சொல்லி முடித்த பிறகுதான் அது எவ்வளவு சுலபமாக வந்தது என்று உணர்ந்தாள். இனி இப்போது கதவைத் திறந்தால், உள்ளே வருகிற கிழவி முதல் வேலையாக மகனுக்குப் போன் செய்வாள். திறப்பதற்கான நேரம் ஒன்று இருந்தது. அது கடந்துபோனது அவளுக்குத் தெரிந்தது. ஏசியின் குளிரை இன்னும் கூட்டினாள்.

திரையில் நிழல் குட்டையாகியிருந்தது. உட்கார்ந்துவிட்டாள் போலும்.

"தாயி." வசவெல்லாம் வடிந்துபோன குரல். இந்த வீட்டில் அவளை யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. "தண்ணி மட்டும் குடு தாயி. கதவத் தொறக்க வேணாம். தண்ணி மட்டும்."

மணிமேகலை ஒலியைக் கூட்டினாள்.

அந்த ஆட்டம் எப்படி முடிந்தது என்று அவளுக்கு நினைவில்லை. மூன்றாவதைத் தொடங்கினாள். எப்போதும்போல ஓரத்தில் இறங்கி, ஒற்றை அறைக் குடிசைக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டாள். எங்கோ தொலைவில் துப்பாக்கிகள் வெடித்தன. இருக்கிறவர்களின் எண்ணிக்கை இறங்கிக்கொண்டே வந்தது. எழுபது. நாற்பது. இருபது. வட்டம் அவளுடைய குடிசையைத் தேடி வருவதுபோல வந்தது. எல்லாம் அவளுக்குச் சாதகமாகவே நடந்தது. இடது காதில் எந்தச் சத்தமும் இல்லை. எப்போதிலிருந்து இல்லை என்று அவளால் சொல்ல முடியவில்லை. திரும்பிப் பார்த்தாள். திரையில் மேற்கு வெயிலின் மஞ்சள் மட்டும் இருந்தது. நிழல் இல்லை.

படுத்திருப்பாள். கண்ணாடிக்குக் கீழே, பலகைப் பாதிக்குப் பின்னால் படுத்திருந்தால் நிழல் விழாது.

காலடி கேட்டது.

ஒரு அழுத்தம். ஒரு தேய்ப்பு.

வலது காதில்.

வலது பக்கம் சமையலறை. விளையாட்டில் என்றால் குடிசையின் வலது சுவர். விளையாட்டில்தான் என்று சொல்லிக்கொண்டாள். இயர்போனைக் கழற்றிப் பார்த்தால் தெரிந்துவிடும். கை எழவில்லை. கழற்றிய பிறகும் கேட்டால்? அசையாதே. அசைகிறவர்தான் அகப்படுவார். மூச்சை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கூழ் வாசனை வந்தது. பச்சைமிளகாயும் சீரகமும் அரைத்து விட்ட, வெயிலில் லேசாகப் புளித்த வாசனை. சாத்திய வீட்டுக்குள், ஏசிக் குளிரில்.

எண்ணிக்கை இரண்டு.

அவளும் இன்னொருவரும். நீலச் சுவர் குடிசையின் வாசல்வரை வந்து நின்றது. அந்த இன்னொருவர் வாசலுக்கு வெளியே இருந்தார். வட்டத்துக்கு வெளியே. உயிர் வடிந்துகொண்டிருக்க வேண்டும். எந்த நொடியும் விழ வேண்டும். விழவில்லை. எண்ணிக்கை மாறவில்லை. குடிசைக் கதவில் தட்டும் சத்தம். அந்த விளையாட்டில் கதவைத் தட்ட முடியாது. முட்டியால். பிறகு உள்ளங்கையால். பிறகு கரண்டியால்.

அவள் காத்திருந்தாள். காத்திருக்க மட்டும்தான் அவளுக்குத் தெரியும்.

தேய்ப்பு சுற்றி வந்தது. வலமிருந்து பின்னால். பின்னால் வந்து, இரண்டு காதிலும் ஒரே அளவாகக் கேட்டு, நின்றது.

பிடரியில் சூடு. அடுப்பைத் திறந்ததுபோல.

போன் திரை பொன்னிறமாக ஒளிர்ந்தது. அவள் ஜெயித்துவிட்டாள். ஒரு குண்டுகூடச் சுடவில்லை. எதிராளியைச் சுவர் கொன்றதாக எழுத்து வந்தது.

கத்திக்கொண்டு எழுந்து திரும்பினாள். யாருமில்லை. போன் சோபாவில் விழுந்தது. ஹால் ஹாலாகவே இருந்தது. பயத்தில் அவளுக்குத் தோன்றியது ஒன்றுதான்: அத்தை வெளியே உயிரோடு இருக்க வேண்டும். வெளியே இருந்தால் உள்ளே இருக்க முடியாது. ஓடிப்போய்த் திரையை விலக்கித் தாழைத் திருகிப் பால்கனிக்குள் கால் வைத்தாள். தரை உள்ளங்காலைச் சுட்டது.

வெள்ளைவேட்டியில் வடகங்கள் வரிசையாக, ஒன்றுபோல, காய்ந்து கிடந்தன. வேட்டியின் மறுபாதியை இழுத்துத் தலைவரை போர்த்திக்கொண்டு கதவோரம் வெள்ளையம்மாள் சுருண்டிருந்தாள். வெளியே நீட்டிக்கொண்டிருந்த கையில் கூழ் காய்ந்து, தோல்போல உரிந்திருந்தது. மணிமேகலை குனிந்து அந்தக் கையைத் தொட்டாள். வெயிலால் சூடாக இருந்தது. வெயிலால் மட்டும்.

"அத்தை."

முகத்தை மூடிய துணியில் மூச்சு இல்லை.

தண்ணீர். போன். ஆம்புலன்ஸ். அவள் திரும்பினாள். ஹாலின் தரையில் வெள்ளைக் கூழ்த் தடங்கள் தெரிந்தன. ஒரு முழுப் பாதம். ஒரு நீண்ட இழுப்பு. ஒரு பாதம். ஒரு இழுப்பு. சமையலறையிலிருந்து சோபாவின் பின்பக்கம்வரை. இன்னும் ஈரமாக.

கொள்ளிடத்திலிருந்து காற்று வந்தது. கதவு அறைந்து சாத்திக்கொண்டது.

வெளிப்பக்கம் கைப்பிடி இல்லாத பலகையைக் கைகள் தடவின. ஆணித் துளைகள். மரச் சிராய். வேறொன்றுமில்லை. கண்ணாடியில் முகத்தை ஒட்டிப் பார்த்தாள். விலக்கிய திரைக்கு நடுவே ஹால் தெரிந்தது.

சோபாவில் ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். முதுகைக் காட்டிக்கொண்டு. நரைத்த சிறு கொண்டை. இடது பக்கம் சாய்ந்த தோள். தளர்ந்த காதுகளில் வெள்ளை இயர்போன் வயர் தொங்கியது.

"அத்தை. தொறங்க அத்தை."

முட்டியால் தட்டினாள். காலடியில் துணி போர்த்திய உடல் அவள் பாதத்தை ஒட்டிக் கிடந்தது. உள்ளங்கையால் தட்டினாள். தன் குரல் அங்கே எந்தக் காதில் கேட்கும், எவ்வளவு தூரத்தில் கேட்கும், கேட்டும் எப்படி அசையாமல் இருக்கலாம் என்பதெல்லாம் அவளுக்குத் தெரிந்தது. மேற்கே சூரியன் தோப்புக்கு மேல் இன்னும் உயரமாகவே இருந்தது.

உள்ளே இருப்பவள் திரும்பவில்லை. கூழ் படிந்த கட்டைவிரல் மட்டும் போனின் ஓரத்தில் மெதுவாக மேலேறி, ஒலியைக் கூட்டியது.