மழவரையரைச் சூழ்ந்த கரிவட்டம்

அந்திச் செம்மை மெல்லக் கரைந்து, கீழ்வானில் எழுந்த முழுமதி மணியாற்றின் நீரை வெள்ளித் தகடாக மாற்றிக்கொண்டிருந்த வேளையில், வெண்குன்றக் கோட்டையின் படித்துறையில் பூதிநங்கை ஒதுங்கி நின்று காத்திருந்தாள். அவள் ஓடக்காரன் கண்டனுக்கு மணம் பேசப்பட்டவள்.

பெருவெள்ளத்தில் ஓடம் விட மறுத்தான் என்பதற்காகக் கோட்டைத் தலைவர் மழவரையர் கண்டனை நிலவறையில் அடைத்து ஐந்து திங்களாகிவிட்டன. அவனை விடுவிக்கச் சொல்லித் தர்மாசனத்து நீதிபதிகள் மூன்று முறை ஓலை அனுப்பினார்கள். மூன்று முறையும் மழவரையர் எழுந்து நின்று வாங்கினார், கண்களில் ஒற்றிக்கொண்டார், பட்டில் சுற்றிப் பேழையில் வைத்துப் பூட்டினார். ஓலைக்குச் செய்த மரியாதையில் ஒரு குறையும் இல்லை. கண்டன் மட்டும் வெளியே வரவில்லை.

நான்காம் முறை நீதிபதிகள் ஓலை எழுதவில்லை. நங்கையின் கையில் ஒரு கரித்துண்டைக் கொடுத்தார்கள்.

அன்பார்ந்த வாசகர்களே, அந்நாட்டு வழக்கம் இது: தீர்ப்பை நிறைவேற்றாதவரைச் சுற்றி, தீர்ப்புப் பெற்றவர் அரசர் பெயர் சொல்லி வட்டமிட்டுவிட்டால், நிறைவேற்றும் வரை அவர் அதைத் தாண்டக் கூடாது. தாண்டினால் தலை போகும். வட்டத்தை அழிக்கும் உரிமை வரைந்தவருக்கு மட்டுமே.

காவல் வீரர் பத்துப் பேருடன் படித்துறைக்கு வந்த மழவரையர் கண்மூடிச் சந்தி வணங்கினார். நங்கை குனிந்து, அவரைச் சுற்றிக் கல்லில் வட்டத்தை வரைந்து முடித்தாள்.

"அரசர் ஆணை! கண்டனை என் கண்முன் நிறுத்துங்கள்!"

மழவரையர் கண் திறந்து நகைத்தார். "கோலம் போட வேறு இடம் கிடைக்கவில்லையா, பெண்ணே?"

"குனிந்து பாருங்கள், ஐயா."

பார்த்தார். நகைப்பு நின்றது.

காவல் வீரன் நாகன் முன்னே வந்தான். "ஆணையை நாங்களும் கேட்டோம், தலைவரே. நிலவறைச் சாவியைக் கொடுங்கள். அழைத்து வருகிறேன்."

"சாவியால் பயனில்லை." மழவரையர் வட்டத்தைப் பார்த்தபடியே சொன்னார். "முதல் ஓலை வந்த மூன்றாம் நாள் காய்ச்சலில் போய்விட்டான். வைத்தியரைக் கேட்டான், நான் அனுப்பவில்லை. தீர்ப்பை மீறியது வெளிப்பட்டுவிடுமென்று, யாருமறியாமல் உடலை ஆற்றில் விட்டேன்."

நங்கை படியில் அமர்ந்தாள். அவன் போன பிறகும் இரண்டு திங்களாக அவள் தவறாமல் கோட்டை வாயிலில் கொடுத்து வந்த சோறு யாருக்குப் போயிற்றோ!

நாகன் வேலைத் திருப்பிப் பிடித்தான். "ஒரு தள்ளு போதும், தங்கையே. தானாகவே தாண்டினார் என்று பத்துப் பேரும் சாட்சி சொல்கிறோம்."

"வேண்டாம் அண்ணா!" அவள் எழுந்து வேலுக்குக் குறுக்கே நின்றாள். "பொய்ச் சாட்சியால் என்னவருக்கு நீதி வேண்டாம்."

மழவரையர் உலர்ந்த உதடுகளை நாவால் நனைத்துக்கொண்டார். நங்கை ஆற்றில் இறங்கி, இரு கைகளிலும் நீர் ஏந்தி வந்து நீட்டினாள். அவர் குடித்தார்.

"இவ்வளவு இரக்கம் உள்ளவள், வட்டத்தை அழித்துவிடு, தாயே!"

"அவரைச் சுமந்து சென்ற இந்த ஆற்றின் மேல் ஆணை! தர்மாசனத்தார் இங்கே வந்து, நடந்ததை உங்கள் வாயால் கேட்கும் வரை இதை அழிக்க மாட்டேன். அதுவரை உங்கள் மேல் எவர் கையும் பட விடமாட்டேன்."

கரித்துண்டை இடுப்பில் செருகிக்கொண்டு, வட்டத்துக்கு வெளியே அமர்ந்தாள்.

"தாகமெடுத்தால் கூப்பிடுங்கள், ஐயா. இங்கேதான் இருப்பேன்."