ஆவரைவிளை என்றொரு அளவு

மாதம் ஒருநாள் காலையில் நிலைக்காப்பாளர் ஜெபமணி தெருவுக்குள் நுழைந்தால் சுவரில் சாய்ந்திருப்பவர்கள் எல்லாரும் எழுந்துகொள்ள வேண்டும். அவர் கையில் தட்டுமானி இருக்கும்; பார்க்கத் தடித்த டார்ச் லைட் போல. முனையைச் சுவரில் வைத்து அழுத்தினால் உள்ளேயிருந்து ஒரு கம்பி ‘டொக்’கென்று அடித்துத் திரும்பும். திரும்பும் வேகத்தை வைத்துச் சுவரின் உறுதி ஓர் எண்ணாகத் திரையில் விழும். அதற்குத் தாங்கெண் என்று பெயர். ஒருநாள் வேலை மெனக்கெட்டு ஜெபமணி தன் தலையிலேயே வைத்துத் தட்டிப் பார்த்தார். நாற்பது காட்டியது. கான்கிரீட் கணக்கு. அவர் மனைவி இத்தனை வருஷமாகச் சொல்லி வந்ததை இயந்திரம் ஒரே தட்டில் சொல்லிவிட்டது.

“மெதுவாத் தட்டும் வே, பூச்சு உதிருது” என்றார் மரியசெல்வம், பல் தேய்த்துக்கொண்டே.

“உதிர்ந்தா நல்லதுதான். உம்ம வீடு ரெண்டு எண் கூடக் காட்டுது. என்ன செஞ்சீரு?”

“என்னத்தச் செஞ்சேன்? கிறிஸ்மஸுக்கு வெள்ளையடிச்சேன்.”

“ஏசு சாமிக்கு அடிச்சாலும் சுண்ணாம்பு சுண்ணாம்புதான். சுரண்டிரும்.”

“ஏசு மாட்டுத்தொழுவத்துல பொறந்ததே உம்ம மாதிரி ஆளுக்குப் பயந்துதான் வே.”

ஜெபமணி சிரித்துக்கொண்டே அடுத்த வீட்டுக்கு நகர்ந்தார். திட்டு வாங்குவது உத்தியோகத்தில் சேர்த்தி.

ஒரு காலத்தில் அணுகுண்டின் வலிமையைக் கிலோடன் கணக்கில் சொன்னார்கள். ஆயிரம் டன் டிஎன்டி வெடிமருந்து சேர்ந்து வெடித்தால் எவ்வளவோ, அது ஒரு கிலோடன். கேட்டவர் யாரும் பயப்படவில்லை. ஏதோ சிமென்ட் லோடு பேசுவது போலத்தான் இருந்தது. பெரிய போர் ஒன்று மயிரிழையில் தப்பிய பிறகு நல்ல மனசுக்காரர்கள் சிலர் கூடி யோசித்தார்கள். குண்டை மருந்தால் அளக்க வேண்டாம், ஊரால் அளப்போம். அப்போதாவது மனிதனுக்கு உறைக்கும் என்றார்கள். உலகம் முழுக்கச் சலித்ததில், எதிலும் விசேஷமில்லாத, எல்லாவற்றிலும் நடுத்தரமான ஊர் என்று கணினி பொறுக்கி எடுத்தது ஆவரைவிளையை. அன்றைக்கு ஊரில் வெடி போட்டார்கள். ‘உலகத்தரம் பெற்ற எம் ஊர்’ என்று பேனர் வைத்தார்கள்.

ஆவரைவிளையைத் தரைமட்டமாக்கப் போதுமான வெடிதிறன் ஓர் ஆவரைவிளை. எந்த நாடும் மொத்தத்தில் நானூறு ஆவரைவிளைக்கு மேல் குண்டு வைத்திருக்கக் கூடாது என்று உலக ஒப்பந்தம் ஆனது. செய்தியில் தினமும் ஊர்ப் பெயர் அடிபட்டது. ‘பதினெட்டு ஆவரைவிளை ஏவுகணை வெற்றி!’ ஜெபமணியின் மைத்துனன் துபாயில் இறங்கிச் சொந்த ஊரைச் சொன்னதும், விமான நிலைய அதிகாரி நாற்காலியைச் சற்றுப் பின்னால் நகர்த்திக்கொண்டாராம்.

அளவுகோல் என்று ஆகிவிட்டால் பிறகு அது வளரக் கூடாது. ஊரில் வீடுகள் உறுதியானால், ஊரைத் தகர்க்கக் கூடுதல் வலிமை வேண்டும். அப்படியானால் ஓர் ஆவரைவிளை என்பதே பெருத்துவிடும். பெருத்தால் ஒவ்வொரு நாட்டின் நானூறும் சேர்ந்து பெருக்கும். இங்கே சிமென்ட் கூடினால் அங்கே குண்டு கூடும். ஆகவே அளந்த நாளில் எந்தச் சுவர் எவ்வளவு சொத்தையாக இருந்ததோ, அவ்வளவு சொத்தையாகவே என்றைக்கும் இருக்க வேண்டும். விழுந்தால் கட்டிக்கொள்ளலாம், அதே சொத்தையாக. போன ஐப்பசி மழையில் தங்கம் டீச்சர் வீட்டுச் சுவர் சரிந்தது. இதையெல்லாம் கண்காணிக்கும் அளவை ஆணையத்திலிருந்து ஆள் வந்து ஒரே வாரத்தில் பழைய தாங்கெண்ணுக்குக் கட்டிக் கொடுத்துவிட்டார்கள். சுவருக்கு அடியில் போன டீச்சரைத் திருப்பிக் கொடுக்கத்தான் ஆணையத்தில் வழியில்லை.

தெருக்கோடியில் ஜெபமணியின் அக்கா செல்லக்கனியின் வீடு. அத்தான் ராஜதுரை பஸ் டிரைவராக இருந்தவர். பக்கவாதம் வந்து ஒரு பக்கம் இழுத்துக்கொண்டதில் மூன்று வருஷமாகப் படுக்கை. அந்தச் சின்ன அறையில் மேற்குச் சுவரோரம் தவிர வேறெங்கும் கட்டில் நுழையாது. மேற்குச் சுவர் மண்சாந்தில் கட்டியது. தாங்கெண் பதினான்கு.

ஜெபமணி வெளிப்பக்கம் நின்று தட்டினார். முப்பத்தொன்று.

மறுபடி தட்டினார். முப்பத்திரண்டு.

அக்கா சன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள். “என்னல, ஒரே எடத்துல நின்னு மரங்கொத்தி மாதிரி கொத்துத?”

“யக்கா, உள்ள என்ன வச்ச?”

“என்ன வச்சேன்? சாமி படம் வச்சேன்.”

“படத்துக்குப் பின்னால கம்பி எத்தனை?”

அக்கா வாசலுக்கு வந்தாள். கையில் அத்தானுக்குக் கரைத்த கஞ்சி. “நாலு கம்பி. சிமென்ட்டு வச்சுப் பூசி, மேல மண்ணு தடவிட்டேன். மூணு வாரமா ராத்திரி ராத்திரி நானே செஞ்சேன். டீச்சர் வீட்டுச் சுவரு விழுந்த சத்தம் இவிய காதுல விழுந்துச்சு. அன்னையிலருந்து மழை தூறுனாலே இவிய கண்ணு ரெண்டும் சுவத்தையே பாக்குது. எந்திரிச்சு ஓடவும் முடியாது, கத்தவும் முடியாது. நான் என்னல பண்ணட்டும்?”

உள்ளே கட்டிலில் அத்தான் ஒரு பக்க வாயால் சிரிக்கப் பார்த்தார். ஜெபமணி தெருவின் இரு பக்கமும் பார்த்தார். சட்டைப்பையிலிருந்து கைக்குட்டையை எடுத்து, நாலாக மடித்து, தட்டுமானியின் முனையில் வைத்துச் சுவரில் அழுத்தினார். டொக். பதினைந்து. இன்னொரு மடிப்பு மடித்தார். பதினான்கு. பொத்தானை அழுத்தி அந்த எண்ணை மட்டும் ஆணையத்துக்கு அனுப்பினார்.

“இவ்வளவுதானா ஒங்க விஞ்ஞானம்?” என்றாள் அக்கா.

“துவைச்ச கைக்குட்டையா இருக்கணும்க்கா. அதுதான் ரொம்ப முக்கியம்.”

அடுத்த வாரம் அளவை ஆணையத்திலிருந்து ஹம்ஸவேணி வந்தார். பத்து வருஷத்துக்கு ஒருமுறை நடக்கும் பேரளவைக்கு அவர்தான் பொறுப்பு. கூடவே லாரியில் ஊரதிர்வுமானி வந்தது. அது ஒரு பெரிய உருளை. மைதானத்தில் இறக்கி ஒரு குத்துக் குத்தியதும் ஊர் முழுக்கப் பாத்திரங்கள் கிலுகிலுத்தன. திரும்பி வந்த அதிர்வைக் கேட்டு, மொத்த ஊரின் உறுதியை அது ஒரே எண்ணில் சொல்லிவிடும். அதனிடம் கைக்குட்டை செல்லாது.

சாயங்காலம் ஹம்ஸவேணி ஜெபமணியைப் பள்ளிக்கூட அறைக்குக் கூப்பிட்டார். களைத்த முகம். மேசைமேல் ஆறிப்போன டீ.

“உட்காருங்க ஜெபமணி சார். உங்க ஊர் பதினொரு சதவீதம் பலமாயிருக்கு.”

ஜெபமணி உட்காரவில்லை. “மேடம், எங்க அக்கா வீட்டுல ஒரே ஒரு சுவருதான். அத்தான் படுத்த படுக்கையா இருக்காவ. ஒரு சுவருக்கா பதினொண்ணு?”

“ஒரு சுவருக்கில்ல. நீங்க ஒருத்தர்தான் அக்கா வச்சிருக்கீங்களா?” அவர் டீயை எடுத்து, பார்த்து, மறுபடி வைத்தார். “இந்த ஊர்ல நாற்பது காப்பாளர்கள். நாற்பது பேர் சட்டைப்பையிலயும் கைக்குட்டை. ஊரே சேர்ந்து அவ்வளவு ஜலதோஷமா?”

ஜெபமணிக்குச் சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்பைப் பார்த்து அவருக்கும் வந்தது.

“வல்லரசுப் பிரதிநிதிகள் எல்லாம் டவுன்ல லாட்ஜ் எடுத்துக் காத்திருக்காங்க” என்றார் ஹம்ஸவேணி. “காலையிலேர்ந்து பிரியாணியா உள்ள போகுது. இந்த எண்ணை நான் வெளியிட்டா ஒவ்வொரு நாட்டுக்கும் பதினொரு சதவீதம் கூடுதல் குண்டு, சட்டப்படி. பத்து வருஷமா ஒரு குண்டைக்கூட ஏத்த விடாம பிடிச்சு வச்சிருந்தோம்.”

“நாங்க குண்டுக்காகக் கட்டல மேடம்.”

“தெரியும். பத்து நாள் அவகாசம் இருக்கு. அதுக்குள்ள எல்லா வீடும் பழைய எண்ணுக்கு இறங்கணும். அவங்கவங்க தெருவை அந்தந்தக் காப்பாளரே உடைக்கணும்.”

“மாட்டோம்னு சொன்னா?”

அவர் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். “ஊரை மாத்திருவோம். இதே மாதிரி நடுத்தரமான ஊர் இன்னும் சிலது பார்த்து வச்சிருக்கு. அங்க இன்னிக்கு இருக்கிறது உங்க பழைய எண்ணேதான்; அதை ஏற விடாம நிறுத்திட்டா குண்டும் ஏறாது. உங்க ஊருக்கு விடுதலை.”

மறுநாள் ஜெபமணி சம்மட்டியோடு அக்கா வீட்டுக்குப் போனார். தெருவில் யாரும் அவரைக் கிண்டல் செய்யவில்லை. அதுதான் தாங்க முடியாமல் இருந்தது.

“ஒடைக்கவா வந்துருக்க?”

“ஆமாக்கா.”

“ஒடைச்சா யாரு பொழைப்பா?”

“உலகம்.”

“அந்த உலகத்துல ஒங்க அத்தான் உண்டா?”

ஜெபமணி சம்மட்டியைத் தரையில் வைத்தார். “யக்கா, உண்மையிலேயே குண்டு விழுந்தா எந்தச் சுவரும் நிக்காது. கம்பி வச்சாலும் ஒண்ணுதான், வைக்காட்டியும் ஒண்ணுதான்.”

“நான் எந்தப் பாவிப்பய குண்டுக்குல கட்டுனேன்?” அக்கா கத்தினாள். “மழைக்குக் கட்டுனேன்! குண்டு வருமோ வராதோ, வருசா வருசம் மழை வருதுல்ல? அதை அளக்க ஒரு மிஷினு உண்டால ஒங்ககிட்ட?”

இல்லை. அவர் எல்லாவற்றையும் சொன்னார். மாட்டேன் என்று ஊர் சொல்லிவிட்டால் ஆவரைவிளை தப்பிவிடும், அந்தத் தலையெழுத்து இன்னோர் ஊருக்குப் போகும் என்பதையும் சொன்னார்.

அக்காவின் குரல் இறங்கியது. “எந்த ஊரு?”

“தெரியாது. நம்ம மாதிரி ஒண்ணு.”

“அங்கயும் ஒருத்தன் தட்டிட்டு அலைவான்.”

“ஆமா.”

“சுவரோரமா ஒரு கட்டிலு கெடக்கும்.”

“கெடக்கும்க்கா.”

அவள் கட்டிலைப் பார்த்தாள். அத்தான் நல்ல கையைத் தூக்கி அசைத்தார். உடை என்கிறாரா, வேண்டாம் என்கிறாரா? ஓட்டுநர் கை, பின்னால் வருகிற வண்டிக்கு வழி விடுகிற மாதிரிதான் அசைந்தது. உடைச்சுக்கோ, போகட்டும் என்றுதான் ஜெபமணிக்குப் பட்டது. அக்காவுக்கும் அப்படித்தான் பட்டிருக்க வேண்டும். அந்தக் கையை இழுத்துப் போர்வைக்குள் சொருகினாள்.

“நீங்க பேசாமக் கெடங்க. பெரிய தியாகி.”

பிறகு குனிந்து சம்மட்டியை எடுத்துக்கொண்டு போய் அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்தாள். திரும்பி வரும்போது முகத்தைத் துடைத்திருந்தாள்.

“நான் கெட்டவளாவே இருந்துட்டுப் போறேன்ல. அந்த ஊருக்காரி என்னை நல்லா ஏசட்டும். போய் அந்த மேடத்துக்கிட்டச் சொல்லு.”

ஜெபமணி போய்ச் சொன்னார். அதற்குள் அங்கே மற்ற காப்பாளர்கள் வெறுங்கையோடு வரிசையில் நின்றிருந்தார்கள். ஒவ்வொருவர் சம்மட்டியும் ஒவ்வொரு வீட்டில் எதற்காவது பின்னால் போய்விட்டிருந்தது. பக்கத்துத் தெரு வீடொன்றில் அது கிணற்றுக்குள்ளேயே போய்விட்டதாம். ஹம்ஸவேணி யாரையும் கோபிக்கவில்லை. கடைசி ஆளிடமும் கேட்டு முடித்துவிட்டு, உருளையை லாரியில் ஏற்றச் சொன்னார். லாட்ஜில் இருந்தவர்கள் பிரியாணிக்குக் கணக்குத் தீர்த்துவிட்டு, முகம் தொங்கப் புறப்பட்டார்கள்.

ஊர் மாறியது. செய்தியில் வேறொரு பெயர் வரத் தொடங்கியது. ஆவரைவிளையில் செங்கல் சூளைக்காரன் காட்டில் மழை. மரியசெல்வம் வருஷத்தில் மூன்று முறை வெள்ளையடித்தார், வீம்புக்கு.

வேலை போன ஜெபமணியை ஆணையம் மறுபடி கூப்பிட்டது. புதிய ஊரின் காப்பாளர்களுக்குப் பயிற்சி கொடுக்க வேண்டுமாம். ஏமாற்றுகிற வழியெல்லாம் தெரிந்த ஆள் வேண்டும் என்று ஹம்ஸவேணி வெளிப்படையாகவே சொன்னார். மாட்டேன் என்று சொல்ல ஜெபமணியும் ஒத்திகை பார்த்தார். ‘நீங்க போகலைன்னா, ஊர்ச் சுவரே தெரியாத யாரோ போவாங்க’ என்றார் ஹம்ஸவேணி. இந்த மாதிரிப் பேச்சுக்கு மடங்குவதில் ஜெபமணியின் தாங்கெண் ரொம்பக் குறைவு.

கடல் தாண்டி, மலையடிவாரத்தில், கூரைமேல் மக்காச்சோளம் காய்கிற சிற்றூர் அது. அதன் பெயரை ஒரு வாரமாகியும் அவர் நாக்கு பிடிக்கவில்லை. காதில் மொழிச்செவி மாட்டியிருந்தார்; அவர்கள் பேசுவதைத் தமிழில் சொல்லும். முதல் நாளே பயிற்சிக்கு வந்தவர்களின் பையைச் சோதித்துக் கைக்குட்டைகளை வாங்கி வைத்துக்கொண்டார். அவர்கள் அவரை ஏதோ ஏசினார்கள். செவி அதை மரியாதையாக மொழிபெயர்த்தது.

ஒரு வீட்டில் தட்டிக்கொண்டிருந்தபோது அக்காவின் அழைப்பு வந்தது.

“ஏல, இங்க மூணு நாளா அடைமழை. சுவரு அசையல. ஒங்க அத்தான் நேத்துக் குறட்டை விட்டாவல, கேட்டியா? படுக்கையில விழுந்ததுக்கப்புறம் மொதக் குறட்டை!”

“நல்லதுக்கா.”

மழைச் சத்தத்துக்கு நடுவே அக்கா குரலைத் தாழ்த்தினாள். “அங்க எப்படில இருக்கு? யாரு வீட்லயாவது… சுவரோரமா…”

ஜெபமணிக்கு எதிரே, பச்சை மண்சுவரை ஒட்டி, ஒரு கட்டில் கிடந்தது. கால் இரண்டும் விளங்காத ஒரு பெண் அதில் படுத்தபடி அவர் கையிலிருந்த கருவியையே பார்த்துக்கொண்டிருந்தாள். திரையில் பன்னிரண்டு.

“இல்லக்கா. இங்க எல்லாம் கல்லு வீடு. கோட்டை மாதிரிக் கட்டி வச்சிருக்கானுவ.”

“கல்லா?”

“கருங்கல்லு.”

“அப்பம் சரி” என்றாள் அக்கா. மூச்சு விடுவது இங்கே வரை கேட்டது. “அப்பம் நானும் படுக்கேன்ல.”

அவர் போனைப் பையில் போட்டார். அந்தப் பெண்ணின் தம்பி தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு பக்கத்தில் வந்து நின்றான். மழைக்காலம் வருகிறது என்றான். இந்த ஒரு சுவருக்கு மட்டும், உள்பக்கமாக, கொஞ்சம் சிமென்ட் பூசிக்கொள்ளட்டுமா என்று கேட்டான்.

அதற்குப் பதில் சொல்ல ஜெபமணிக்கு இயந்திரம் தேவைப்படவில்லை. அந்த மொழியில் அவர் முதன்முதலாகக் கற்றுக்கொண்ட சொல், ‘கூடாது.’