முழுதாகப் படிக்கப்பட்ட செய்தி

கரிவாயுக் குழாய் உடைந்த தகவல் 'இமைப்பு' செய்திச் செயலியின் அலுவலகத்துக்கு வந்தபோது எஸ்தர் மதியச் சாப்பாடு முடித்துக் கை கழுவிக்கொண்டிருந்தாள்.

ஆலைப் புகையிலிருந்து பிரித்தெடுத்த கரியமில வாயுவைத் தேரிக்காட்டு மணலுக்கு அடியில் கிடங்கு அமைத்துப் புதைத்துவைத்திருந்தார்கள். அதற்கு மணமில்லை, நிறமில்லை. காற்றைவிடக் கனம். தண்ணீர் மாதிரிப் பள்ளம் பார்த்து ஓடும். தேங்குகிற இடத்தில் மூச்சு நிற்கும். கிடங்குக்குக் கீழே பள்ளத்தில் இருந்த ஊர் செம்மணல்விளை. எஸ்தரின் தம்பி செல்வின் அங்கே டிராக்டர் பட்டறை வைத்திருந்தான்.

எஸ்தர் பதறவில்லை. எச்சரிக்கையை எழுதி அனுப்பினாள். அவள்தான் அவசரச் செய்திப் பிரிவின் பொறுப்பாளர். வேறெதையும் யாரும் பார்ப்பதில்லை என்பதால் அரசாங்கமே எச்சரிக்கைகளை இமைப்பு மாதிரிச் செயலிகளிடம் ஒப்படைத்திருந்தது.

பிறகு, தம்பிக்கு எப்படிப் போயிருக்கிறது என்று திறந்து பார்த்தாள்.

'தேரிக்காடு கிடங்கில் சீரமைப்புப் பணி. அதிகாரிகள் விரைந்தனர்.'

அவ்வளவுதான். 'மூச்சுத்திணறல்', 'உடனே வெளியேறவும்' எதையும் காணோம்.

தொடங்கிய செய்தியை நீங்கள் முடிப்பீர்கள் என்பது இமைப்பு கொடுத்த வாக்கு. கைபேசியில் இருக்கும் கண்ணளவி, வாசகரின் கண் எந்தச் சொல்லில் விலகுகிறது என்று கவனிக்கும். அடுத்த முறை 'சுருக்கி' என்கிற நிரல் அந்த மாதிரிச் சொற்களை வெட்டிவிடும். பொய் சேர்க்காது, வெட்டும், அவ்வளவே. சாவு, ஆபத்து என்றாலே செல்வின் பல வருடமாகத் தள்ளிவிட்டுப் போயிருந்தான். ஊரில் மற்றவர்களுக்குப் போன செய்திகளையும் புரட்டினாள். எல்லாம் அதே கதைதான்.

தம்பியைக் கூப்பிட்டாள். அவன் எடுக்கவில்லை. "ஏல, பள்ளத்துல நிக்காத, மேட்டுக்கு ஓடு!" என்று குரல் செய்தியில் கத்தினாள். கொஞ்ச நேரத்தில் அவனிடமிருந்து ஒரு சிரிப்புப் பொம்மை வந்தது. அவன் கைபேசி குரல் செய்திகளையும் சுருக்கித்தான் காட்டும். அவன் பார்த்தது இவ்வளவுதான்: 'அக்கா பேசினார். உங்கள்மேல் அக்கறையாக இருக்கிறார்.'

நிர்வாகி வைதீஸ்வரனின் அறைக்கு ஓடினாள்.

"சார், அந்த ஊருக்கு மட்டும் சுருக்கிய நிறுத்துங்க."

அவர் உடனே நிறுத்தினார். முழு எச்சரிக்கையும் எல்லாக் கைபேசிக்கும் போனது. கண்ணளவித் திரையில் ஊராரின் கண்கள் தெரிந்தன. முதல் வரியிலேயே ஒவ்வொன்றாக விலகின.

"இவங்க எதைத்தான் கடைசிவரைக்கும் படிக்கிறாங்க?" என்றார் அவர்.

எஸ்தருக்குத் தெரியும். இலவசம். அவள் தட்டச்சு செய்தாள்: 'மேட்டுப் பள்ளிக்கூடத்துக்கு உடனே வருவோருக்குப் புதுக் கைபேசி இலவசம். குடும்பத்தில் ஆளுக்கு ஒன்று.'

"பொய்ச் செய்தி போட்டா உரிமம் போயிடும், எஸ்தர்."

"இல்லன்னா ஊரே போயிடும் சார்."

அவர் திரும்பி ஜன்னலைப் பார்த்தார். அவள் அனுப்பினாள். சுருக்கி ஒரு சொல்லைக்கூட வெட்டவில்லை. வரைபடத்தில் ஊர்க் கைபேசிகளின் புள்ளிகள் மேட்டை நோக்கி நகர்ந்தன. நடக்க முடியாதவர்களைக்கூட யாரோ தூக்கி வந்திருந்தார்கள்; ஆளுக்கு ஒன்று அல்லவா.

சாயங்காலம் கடல்காற்று வீசி வாயுவைக் கலைத்தது. ஊர் திரும்பியவர்கள் தெருவில் நாய்களும் கோழிகளும் செத்துக் கிடக்கப் பார்த்தார்கள். போலி அறிவிப்பு கொடுத்தவர்மேல் நடவடிக்கை வேண்டும் என்று ஊரே புகார் அனுப்பியது. எஸ்தரை அன்றைக்கே வேலையிலிருந்து நீக்கினார்கள்.

அடுத்த நாள் பிற்பகல் அவள் செம்மணல்விளைக்குப் போய்ச் சேர்ந்தாள். செல்வின் அப்போதுதான் பட்டறையைத் திறந்திருந்தான். முகம் வீங்கியிருந்தது.

"நம்ம டைகர் செத்துட்டுக்கா. களவாணிப் பயலுவ. போன் தாரோம்னு எங்கள மேட்டுக்கு வரவச்சிட்டு, நாய்க்கெல்லாம் வெசம் வச்சிருக்கானுவ."

"களவு என்னல போச்சு?"

"ஒண்ணும் போகல. அதாம்க்கா புரியல."

"அந்தச் செய்திய அனுப்புனது நாந்தாம்ல. குழாய் உடைஞ்சு கரிவாயு..."

அவன் கண் விலகிவிட்டது. அவள் சொல்லிக்கொண்டே போனாள். அவன் தலையாட்டியபடி வண்டிக்கு அடியில் இறங்கி வேலை பார்க்கும் குழியின் மூடுபலகைகளை எடுத்து அடுக்கினான். காலை உள்ளே வைக்கப் போனான்.

"இறங்காத!" எஸ்தர் அவன் சட்டையைப் பிடித்து இழுத்ததில் இருவரும் தரையில் விழுந்தார்கள்.

அவள் எதுவும் விளக்கவில்லை. சிம்னி இல்லாத மண்ணெண்ணெய் விளக்கு ஒன்று மூலையில் கிடந்தது. அதை ஏற்றிக் கம்பியில் கட்டிக் குழிக்குள் இறக்கினாள். விளிம்பைத் தாண்டியதும் சுடர் குறுகியது. முழங்கால் ஆழத்தில் அணைந்தது. செல்வின் கம்பியை வாங்கினான். விளக்கைத் திரும்ப ஏற்றி இறக்கினான். மறுபடியும் அணைந்தது. இந்த முறை அவன் கண் அதைவிட்டு விலகவில்லை.

"நேத்து ஊரு முச்சூடும் இப்படித்தான் இருந்துச்சா?"

"ஆமா."

அவன் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தான். வெகுநேரம் அழுதான். பிறகு, எல்லாருக்கும் சொல்ல வேண்டும் என்று விளக்கு அணைவதைப் படமெடுத்து, நடந்ததையும் விவரித்து இமைப்பில் போட்டான்.

கொஞ்ச நேரத்தில் பக்கத்துத் தெரு ஞானதாசு சிரித்துக்கொண்டே வந்தார்.

"ஏடே செல்வின், விளக்கு வித்தை காட்டுதியாமே?"

கைபேசியை நீட்டினார். 'குழிக்குள் தானாக அணையும் விளக்கு! செம்மணல்விளை மெக்கானிக்கின் அதிசயம்.' அவருக்குப் பின்னால் பெண்கள் நாலு பேர் வந்தார்கள். அவர்களுக்குப் பின்னால் இன்னும் ஆட்கள்.

செல்வின் அக்காவைப் பார்த்தான். எஸ்தர் தீப்பெட்டியை அவன் கையில் கொடுத்தாள்.

"போனையெல்லாம் பையில போட்டுட்டுக் கிட்ட வாங்க மாமா" என்றான் அவன், திரியைத் தூண்டியபடி. "ஒவ்வொருத்தரா வாங்க."