சப்வூஃபர் வைத்த மூலை

கனகலட்சுமி ஹாலைப் பெருக்கிக்கொண்டிருந்தபோது கணுக்காலில் காற்று பட்டது. ஃபேன் ஓடவில்லை; தூசி பறக்கும் என்று அவளேதான் அணைத்திருந்தாள். டிவியும் அணைந்திருந்தது. குனிந்து பார்த்தாள். மூலையில் இருந்த சப்வூஃபர் ஸ்பீக்கர் பெட்டியின் பின்பக்கத்தில் கை நுழையும் அளவுக்கு வட்டமான துளை ஒன்று உண்டு. பாட்டு ஓடும்போது அதன் வழியாகக் காற்று வந்துபோகும். இப்போது எந்தப் பாட்டும் ஓடவில்லை. உள்ளங்கையைத் துளைக்கு நேராக வைத்தாள். காற்று வந்தது. நின்றது. பிறகு மெதுவாக உள்ளே திரும்பிப் போனது. கிணற்றைத் தூர்வாரும்போது எழும் ஈரமண் வாசனை அதில் இருந்தது.

அந்தப் பெட்டி வீட்டுக்கு வந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. வந்ததே அம்மாவுக்காகத்தான்.

தெருவின் இரண்டு பக்கமும் விசைத்தறிகள். ராத்திரி பகல் இல்லாமல் அவற்றின் தடதடப்பு சுவர்களில் ஓடிக்கொண்டே இருக்கும். சங்கரன்கோவிலில் அந்தத் தெருவில் பிறந்தவர்களுக்கு அது சத்தமாகவே படாது. அம்மா சுப்புத்தாய் வாழ்க்கையில் பாதியை அந்தத் தறிகளுக்கு நடுவே நின்று கழித்தவள். காது கேட்கும் சக்தியில் முக்கால்வாசியை அங்கேயே விட்டுவிட்டு, அந்தச் சம்பாத்தியத்தில் இந்த வீட்டைக் கட்டினாள். கனகலட்சுமி காது மெஷின் வாங்கிக் கொடுத்துப் பார்த்தாள். அது தறிச் சத்தத்தையும் சேர்த்துப் பெருக்கியது. அம்மா அதைக் கழற்றி ஊசி டப்பாவுக்குள் போட்டு மூடிவிட்டாள்.

டிவி மெலிசான டிவி. அதன் ஸ்பீக்கர்கள் பின்பக்கச் சுவரைப் பார்த்துப் பேசின. சீரியலில் ஒருத்தி அழுதால் அவள் வாய் கோணுவது மட்டும்தான் அம்மாவுக்குத் தெரியும். வசனத்துக்கு வசனம் மகளைத் திரும்பிப் பார்த்து, "என்னட்டி சொல்லுதா?" என்பாள். பகலில் திரும்பிப் பார்க்க மகளும் இருக்கமாட்டாள். ரத்தப் பரிசோதனை லேபில் வேலை அவளுக்கு.

இதைத்தான் சித்தப்பா பிடித்துக்கொண்டார். முத்துக்கிருஷ்ணன் சித்தப்பாவுக்குப் புளியங்குடியில் எலுமிச்சை மண்டி. அப்பா இறந்துபோனதிலிருந்து வரும்போதெல்லாம் ஒரே பேச்சு. காது கேட்காத பொம்பளை தனியாகக் கிடக்கலாமா, யாராவது கதவை உடைத்தால்கூடத் தெரியுமா, வீட்டை விற்றுவிட்டு எங்கள் மாடிக்கு வந்துவிடுங்கள் என்பார். அம்மாவால் தனியாகச் சமாளிக்க முடியும் என்று காட்டினால்தான் வீடு நிலைக்கும். அதற்கு முதலில் நான்கு வார்த்தை அவள் காதில் விழ வேண்டும்.

கனகலட்சுமி பி.எஸ்சி. இயற்பியல். வாரக்கணக்கில் படித்துப் பார்த்துவிட்டுத்தான் பஸ் ஸ்டாண்ட் பக்கம் இருந்த ஷோரூமுக்குப் போனாள். விற்பனைக்கு நின்ற பிரவின்ராஜ் டிவிக்குக் கீழே வைக்கும் பெரிய சவுண்ட்பாரில் குத்துப்பாட்டைப் போட்டு, பேஸ் நெஞ்சுக்குள் அடிக்கும் என்றான். கடையில் விலை கேட்பதற்கே தயங்குகிறவள் அவள். செய்தி வைக்க முடியுமா என்று தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டாள்.

"செய்தி கேக்கதுக்கா சப்வூஃபர் வாங்குதீக?" என்றான் அவன். பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள்.

காது மடல் சூடானது. ஆனாலும் அவள் நகரவில்லை. கனத்த சத்தத்தைச் சப்வூஃபர் எடுத்துக்கொண்டால்தான் சவுண்ட்பாருக்குப் பேச்சு மட்டும் மிச்சமாகும், அப்போதுதான் வார்த்தை தெளியும் என்று அவனுக்கு விளக்கிக்கொண்டிருக்கவும் இல்லை. ஒவ்வொரு சவுண்ட்பாராகச் செய்தி வாசிக்க வைத்து, கண்ணை மூடிக் கேட்டு, குரல் முன்னால் வந்து நின்ற சின்னப் பாரையும் அதன் ஜோடிச் சப்வூஃபரையும் எடுத்துக்கொண்டு வந்தாள்.

சப்வூஃபரை எங்கே வைப்பது என்பதற்கும் ஒரு முறை இருந்தது. முதலில் அதை நாம் உட்காரும் இடத்தில் வைக்க வேண்டும். கனத்த சத்தம் ஒன்றை ஓடவிட்டு, தரையோடு காதை வைத்து அறை முழுக்கத் தவழ வேண்டும். எங்கே சத்தம் நிறைந்து கேட்கிறதோ அங்கேதான் பெட்டி இருக்க வேண்டும். அவள் தவழ்ந்தாள். பல்லி மாதிரி ஊர்கிறாள் என்று அம்மா சிரித்தாள். மற்ற இடங்களிலெல்லாம் சொத்தையாகக் கேட்ட சத்தம், பின்கட்டுக் கதவோரத்து மூலையில் மட்டும் குடம்போலத் திரண்டு நின்றது. ஓடவிட்டதை நிறுத்திய பிறகும் ஒரு மூச்சு நேரம் அங்கே மட்டும் நீடித்தது. அறையின் ஒத்ததிர்வு என்று அவள் சந்தோஷப்பட்டாள்.

அன்று சாயங்காலம் சீரியல் பார்த்துக்கொண்டிருந்த அம்மா திரையைக் காட்டி, "இவ பொய் சொல்லுதா. கொரல்லயே தெரியுது," என்றாள். கனகலட்சுமி அடுப்படிக்குள் போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தாள்.

இப்போது அதே பெட்டி கணுக்காலில் ஊதியது.

பிளக்கைப் பிடுங்கினாள். காற்று நிற்கவில்லை. பிரவின்ராஜுக்குப் போன் செய்தாள். பாருக்கும் பெட்டிக்கும் தொடர்பைத் துண்டித்துத் திரும்பச் சேர்க்கச் சொன்னான். கரண்டே இல்லாத பெட்டி என்று அவனிடம் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை. பெட்டியை அடுப்படிக்குத் தூக்கிப் போனாள். அங்கே செத்ததுபோல் கிடந்தது. படுக்கையறையிலும் அப்படித்தான். மூலைக்குக் கொண்டுவந்து வைத்ததும் துளையில் காற்று வந்தது.

அப்படியென்றால் பெட்டியில் கோளாறு இல்லை. இடத்தில் இருக்கிறது.

கல்லூரியில் படித்தது நினைவுக்கு வந்தது. ஸ்பீக்கரும் மைக்கும் ஒரே அமைப்புதான். மின்சாரம் கொடுத்தால் கூம்பு அசைந்து சத்தம் எழுப்பும்; வெளியிலிருந்து அதிர்வு வந்தாலும் அதே கூம்பு அசையும். இந்தப் பெட்டியின் கூம்பு தரையைப் பார்த்தபடி இருந்தது. பெட்டி ஊதவில்லை. அதற்குக் கீழே இருந்து எதுவோ ஊதுகிறது.

யாரிடமும் சொல்லவில்லை அவள். சித்தப்பா காதுக்குப் போனால் வீடு போய்விடும்.

மாதாந்திரப் பராமரிப்புக்காகக் கரண்டு நிறுத்தும் நாள் வந்தது. அன்று வீட்டைப் பார்க்க ஓர் ஆளைக் கூட்டிவருவதாகச் சித்தப்பா சொல்லியிருந்ததால் கனகலட்சுமி லீவு போட்டிருந்தாள். இத்தனை வருஷத்தில் அந்த நாட்களில் அவள் வீட்டில் இருந்ததே இல்லை, பள்ளிக்கூடமோ கல்லூரியோ லேபோ என்று எங்காவது போயிருப்பாள். காலையில் தெருவின் தறிகள் ஒன்றன்பின் ஒன்றாக மூச்சை விட்டு நின்றன. கடைசித் தறியும் நின்றபோது, பிறந்ததிலிருந்து காதில் போட்டிருந்த துணியை யாரோ உருவியதுபோல் இருந்தது. எங்கோ ஒரு காக்கை கத்தியது, குழாயில் தண்ணீர் சொட்டியது, அதற்கும் கீழே, காதுக்குள் வராமல் பல் வேர்களில் மட்டும் உறைக்கிற ஒன்று இழுத்து இழுத்து வந்துகொண்டிருந்தது.

அம்மா பின்கட்டிலிருந்து உலக்கையோடு வந்தாள். கரண்டு இல்லாத நாளில் அவள் மாவு இடிக்கிறாள் என்றுதான் தெருவே நினைத்துக்கொண்டிருந்தது. உரலை எடுக்கவில்லை அவள். நேராக மூலைக்குப் போனாள். சப்வூஃபரைக் காலால் ஒதுக்கினாள். வெறும் தரையில் இடித்தாள்.

பல்லின் கூச்சம் நின்றது.

கனகலட்சுமி அம்மாவின் முகத்துக்கு நேரே போய் நின்று, கேட்கிறதா என்று கேட்டாள்.

"காதுக்கு இல்ல. காலுக்குக் கேக்கும்," என்றாள் அம்மா. "வீடு கட்டின வருஷத்துலருந்து இருக்கு. தறி ஓடுனா ஒறங்கும். நின்னா எந்திரிக்கும். ரெண்டு இடி இடிச்சா படுத்துக்கிடும்."

"ஏம்மா எங்கிட்ட சொல்லல?"

"சொன்னா நீ பயந்துக்கிடுவ. ஒங்க சித்தப்பனுக்கு அது போதாதா? நான் நின்னு நின்னு கட்டின வீடுட்டி. போணும்னா அது போவட்டும்."

கூச்சம் திரும்பியது.

அம்மா மறுபடியும் இடித்தாள். நிற்கவில்லை. இன்னும் ஓங்கி இடித்தாள். கனகலட்சுமிக்கு அப்போதுதான் புரிந்தது. ஒரு மாதமாகச் சாயங்காலந்தோறும் அந்த மூலையில், தரையைப் பார்த்து, அவள்தான் அதை அழைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். அறையிலேயே அதற்கு நன்றாகக் கேட்கக்கூடிய இடத்தைத் தவழ்ந்து தவழ்ந்து தேடிக் கொடுத்திருக்கிறாள்.

அம்மா இடித்தாள். கீழிருந்து ஓர் இடி வந்தது.

அம்மா இடித்தாள். வந்தது. அதே வேகம். அதே கனம்.

அம்மா உலக்கையை உயர்த்தினாள். இன்னும் இறக்கவில்லை. கீழிருந்து இடி வந்துவிட்டது.

டைல்ஸின் இடுக்கில் சிமெண்டு பொரிந்து தெறித்தது. ஈரமண் வாசனை. அதற்குள் வேறொரு வாசனை. லேபில் ரத்தக் குப்பிகளின் மூடியைத் திறக்கும்போது வரும் வாசனை. கனகலட்சுமிக்கு அது தினமும் பழகியது.

அம்மாவின் கையைப் பிடித்து வாசலுக்கு இழுத்தாள். அம்மா அசையவில்லை.

"இன்னைக்கு வீட்ட விட்டு எறங்குனா திரும்ப ஏற முடியாது," என்றாள்.

தெருமுனையில் சித்தப்பாவின் கார் திரும்பும் சத்தம் கேட்டது. இருவரும் வெளியே நடுங்கிக்கொண்டு நிற்பதை அவர் பார்த்தால் போதும். அடுத்த மாதம் இந்த வீட்டில் வேறு யாரோ. அம்மா ஒரு மாடியில், யாரோ கொடுக்கும் சோற்றுக்கு. கனகலட்சுமி கையை விட்டாள். பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்துவந்து பொரிந்த டைல்ஸின் மேலேயே போட்டாள்.

உட்கார்ந்தாள்.

முழு உடம்பின் கனத்தையும் இறக்கி உட்கார்ந்தாள்.

தரை அவளைத் தூக்கியது. மெதுவாக. மூச்சு இழுக்கும் மார்புபோல. அவள் கைப்பிடிகளைப் பற்றிக்கொண்டு, பற்களை இறுக்கி, கீழே பார்த்தாள்.

"இது எங்க வீடு," என்றாள். குரல் உடைந்துதான் வந்தது. இன்னொரு முறை உடையாமல் சொன்னாள்.

தரை இறங்கியது.

அம்மா உலக்கையைச் சுவரில் சாய்த்தாள். தனக்கொரு நாற்காலி கொண்டுவந்து மகளுக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தாள். ஏதோ யோசித்து எழுந்துபோய் மூன்றாவது நாற்காலியையும் கொண்டுவந்து எதிரே போட்டாள். அதுவரை உயர்ந்தது இரண்டு மூன்று டைல்ஸ்தான். இப்போது பாதி ஹால் உயர்ந்து தாழ்ந்தது.

கதவு திறந்தே இருந்தது. வெளிவெயிலில் இருந்து வந்த சித்தப்பாவுக்கு உள்ளே முதலில் ஒன்றும் தெரியவில்லை. ஒரு செருப்பைக் கழற்றிவிட்டு நிலைப்படியில் கையை ஊன்றினார்.

"என்ன மதினி, ரெண்டுபேரும் இருட்டுக்குள்ள உக்காந்து..."

அப்படியே நின்றுவிட்டார். அவருடைய கண்கள் அவர்களோடு மேலே ஏறின. அவர்களோடு கீழே இறங்கின. பின்னால் காரோரம் நின்ற ஆள், உள்ளே வரலாமா அண்ணாச்சி என்று கேட்டான்.

"வீட்டப் பாக்கணும்னீயளே கொழுந்தனாரே," என்றாள் அம்மா. "உள்ள வந்து நல்லா பாருங்க. இங்கன உக்காருங்க."

கனகலட்சுமி வாழ்க்கையில் முதல் முறையாகச் சித்தப்பாவின் கண்ணை நேராகப் பார்த்தாள். அவளும் அம்மாவும் ஏறினார்கள். எதிரே இருந்த காலி நாற்காலியும் ஏறியது. பிறகு அவர்கள் இருவரும் இறங்கினார்கள்.

காலி நாற்காலி இறங்கவில்லை. டைல்ஸுக்கு அடியில் அகன்ற உள்ளங்கை ஒன்று அதை ஏந்திப் பிடித்திருப்பதுபோல் அது அந்த உயரத்திலேயே நின்றது. பிறகு அந்தக் கை, நாற்காலியை நீட்டிக் கொடுப்பதுபோல, சித்தப்பா நின்ற வாசல் பக்கமாக மெல்லச் சாய்ந்து நீண்டது.