ஒளித்து வைத்த ஒன்று

வீட்டில் விட்டுவிட்டு வர ஆளில்லாததால், தையல்காரி தன் மகளையும் ஆஸ்பத்திரிக்கு அழைத்து வந்திருந்தாள்.

"வாலைச் சுருட்டிக்கிட்டு இந்த பெஞ்சுலயே இரு. பாட்டியைப் பார்த்துட்டு ஓடி வந்துடுறேன்."

"சீக்கிரம் வாம்மா" என்றது வாயாடி, ஆடிக்கொண்டிருந்த பல்லை நாக்கால் தள்ளியபடி.

வார்டுக்குள் மருந்து நெடியையும் மீறி புளித்த பால் வாடை அடித்தது. தையல்காரியின் அம்மா கட்டிலின் ஓரத்தில் ஒடுங்கிக் கிடந்தாள். ஊரையும் உறவையும் எப்போதோ மறந்துவிட்டவள், பெற்ற மகளை மட்டும் மறந்ததில்லை. அந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் தையல்காரி நாளை ஓட்டிக்கொண்டிருந்தாள்.

"யாரும்மா நீ?" என்றாள் அம்மா.

தையல்காரி கட்டிலின் காலியான பாதியில் உட்காரப் போனாள்.

"அங்க வேணாம். எங்கம்மா உட்கார்ந்திருக்கா."

தையல்காரி பிறக்கும் முன்பே போய்ச் சேர்ந்தவள் அவள்.

மெத்தை அங்கே குழிந்திருந்தது.

"பசி பசின்னு பிடுங்கி எடுக்குறா" என்று கிசுகிசுத்தாள் அம்மா. "ஞாபகம் இருந்ததையெல்லாம் ஒண்ணொண்ணா ஊட்டிட்டேன். ஒண்ணே ஒண்ணை மட்டும் தராம ஒளிச்சு வெச்சிருந்தேன். அது என்னன்னு இப்ப தெரியல. நேத்து அதையும் பிடுங்கிட்டா."

தையல்காரிக்குத் தெரிந்தது. வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

"அழாதம்மா. எந்திரிச்சுப் போயிடு. அவ உன்னையே பார்த்துட்டு இருக்கா."

அழுகை கோபமாக மாறியது. தையல்காரி குழிந்த இடத்தைப் பார்த்துச் சொன்னாள்:

"என்கிட்ட எது வேணுமோ எடுத்துக்கோ. எங்கம்மாவுக்கு என்னைத் திருப்பிக் குடுத்துடு."

மெத்தை மெல்ல மேலெழுந்தது.

அவள் கழுத்தில் ஈரமான மூச்சு பட்டது. எதையோ மெல்லும் சத்தம் காதுக்குள்ளேயே கேட்டது.

பிறகு அதுவும் நின்றது.

"கண்ணு, எப்ப வந்தே?" என்றாள் அம்மா.

தையல்காரி அவளை வாரி அணைத்துக்கொண்டாள். இனி கேட்கவே முடியாதோ என்று பயந்த குரல்! அம்மா அவள் பிடியை விலக்கி முகத்தைப் பார்த்தாள்.

"அடிப்பாவி, அவளுக்கு என்னத்தடி குடுத்தே?"

"என்னமோ, போனா போகுது விடும்மா. எனக்கு ஒரு குறையும் தெரியல."

மனம் லேசாக வெளியே வந்தாள். வராந்தா பெஞ்சிலிருந்து ஒரு சின்னப் பெண், உள்ளங்கையில் விழுந்த பல்லுடன் குதித்து இறங்கி ஓடி வந்தது.

"அம்மா, இங்க பாரேன்!"

பாவம், யாரோ பெற்ற பிள்ளை. தையல்காரி அதன் கன்னத்தைச் செல்லமாகத் தட்டினாள்.

"உங்கம்மா எங்கடா செல்லம்?"