நாயகிக்கு ஒரு டம்ளர் பால்

டம்ளர் தரையில் உருண்டது.

பின்னாலேயே மேக்கப் டெய்சி விழுந்தாள். வாயோரம் நுரை!

எரியோடு ஊர்ப் பக்கம், தோட்டத்து பங்களாவில் நடந்துகொண்டிருந்த டிவி சீரியல் படப்பிடிப்பு அப்படியே நின்றது.

கதாநாயகி ஜீவிதா உருண்ட டம்ளரையே பார்த்தாள். முதலிரவுக் காட்சிக்காக அவள் குடிக்க வேண்டிய பால் அது. வயிறு சரியில்லை என்று டெய்சியிடம் நீட்டிவிட்டாள்.

ஆக... குறி தனக்கு!

டைரக்டர் ஸ்ரீஹரி ஓடிவந்து அவளை அணைத்துக்கொண்டான். தாலி கட்டாத குறையாக மூன்று வருடமாக அவளோடு வாழ்பவன்.

"அம்பிகாதான் சார்," என்றான், விசாரிக்க வந்த இன்ஸ்பெக்டர் இருதயநாதனிடம். "நான் அவள விட்டுட்டு இவகிட்ட வந்தது அவளுக்குப் பொறுக்கல."

வில்லியாக நடிக்கும் அம்பிகாதான் பாலைக் கொண்டுவந்தவள். பழனி முருகன் மேல் சத்தியம் செய்தாள். யார் கேட்பது? ஜீவிதாவே நம்பவில்லை.

டெய்சி பிழைத்துவிட்டதாக ஆஸ்பத்திரியிலிருந்து தகவல் வந்தபோது, ஜீவிதாவின் செல்போன் அலறியது. சீரியலுக்குத் துணி தைக்கும் சின்னாளப்பட்டி டெய்லர் வீரப்பன். எடுத்த அவசரத்தில் விரல் ஸ்பீக்கரை அமுக்கிவிட்டது.

"ஏம்மா, உடம்பு சரியில்லையா? இம்புட்டு எளச்சிட்டீகளே."

"என்னண்ணே சொல்றீங்க?"

"இன்னிக்கு சீனுக்குப் போட்டிருக்கீகளே மஞ்ச ரவிக்கை... அதே மாதிரி இன்னொண்ணு நாளைக்கு வேணும்னு டைரக்டர் முந்தாநாள் அளவு குடுத்தாரு. சுத்தளவு நாலு இஞ்சு கம்மியா இருக்கு. வெட்டறதுக்கு முந்தி கேட்டுக்கிடலாம்னுதான்..."

அதே காட்சி நாளையும் தொடரும். அதே ரவிக்கை வேண்டும். ஆனால் வேறு உடம்புக்கு! நாளைக்கு அவள் இருக்கமாட்டாள் என்பது முந்தாநாளே இவனுக்குத் தெரிந்திருக்கிறது.

ஜீவிதா ஸ்ரீஹரி பக்கம் திரும்பினாள்.

"யாருக்கு ஸ்ரீ அந்த ரவிக்கை?"

ஸ்ரீஹரி கேட் பக்கம் நழுவினான். இருதயநாதன் காலரைக் கொத்தாகப் பிடித்தார்.

"பொன்னழகுக்கு," என்று சீறினான். "புதுசா வந்த பொண்ணு. நீ உயிரோட இருக்கற வரைக்கும் சேனல்ல வேற நாயகிய ஏத்துக்க மாட்டாங்க. கதையும் உன் இஷ்டம், நானும் உன் இஷ்டம். எத்தன நாளைக்கு? அதான் அம்பிகா கொண்டாந்த பால்ல விஷத்தக் கலந்தேன்."

இவன் சாப்பிட்டானா என்று கேட்காமல் அவள் ஒரு வேளை சாப்பிட்டதில்லை. பாவி! அம்பிகாவை நிமிர்ந்து பார்க்கவே அவளுக்கு வெட்கமாக இருந்தது.

போனில் வீரப்பன் இன்னும் காத்திருந்தார்.

"என்னம்மா, வெட்டட்டுமா?"

ஜீவிதா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"ரவிக்கை வேண்டாண்ணே. சாருக்கு ஜெயில் சட்டை ரெண்டு தைங்க. நல்லா உழைக்கிற துணியா பாத்துக்குங்க... பாக்கெட் மட்டும் வேண்டாம்."